பால் சொசைட்டியில் எச்சில் கொடுத்த நாள்

எங்கள் ஊருக்கு எச்சில் கேட்டு ஆள் வந்தபோது நான் நான்காம் வகுப்பு படித்துக்கொண்டிருந்தேன். பாப்பாரப்பட்டியிலிருந்து உள்ளே தள்ளியிருக்கிற சின்ன ஊர். ஓட்டுக் கேட்டு வருவார்கள், கோயிலுக்கு நன்கொடை கேட்டு வருவார்கள். எச்சில் கேட்டு அதுவரை யாரும் வந்ததில்லை.

வந்தவர் மனித இனத்தின் தோற்றத்தைப் பற்றி ஆராய்ச்சி செய்கிற ஒரு அம்மா. கூட இரண்டு மாணவர்கள். முதல்நாள் சாயங்காலம் பால் சொசைட்டி வாசலில் கூட்டம் போட்டுப் பேசினார். மனிதன் எங்கே தோன்றினான், எந்த வழியாக நடந்து நடந்து இந்தப் பக்கம் வந்து சேர்ந்தான் என்பதன் தடயம் ஒவ்வொருவர் உடம்பிலும் இருக்கிறதாம். கொஞ்சம் எச்சில் கொடுத்தால் போதும், ஆய்வுக்கூடத்தில் அதைப் படித்துவிடலாமாம். நம் எல்லோருக்கும் ஆதி மூதாதையர் ஆப்பிரிக்காவில் இருந்தவர்கள்தான் என்று அவர் சொன்னதும் சொசைட்டி செயலாளர், "அப்ப உலகத்துல எல்லாருமே பங்காளிங்கதானுங்களா?" என்று கேட்டார். ஆமாம் என்றார் அந்த அம்மா.

"அதான் எங்க பாத்தாலும் சண்டையா இருக்குது" என்றார் செயலாளர். கூட்டமே சிரித்தது. அப்பா மட்டும் சிரிக்கவில்லை. நாலு ஆள் தள்ளி சித்தப்பா நின்றிருந்தார்.

அப்பாவுக்கும் சித்தப்பாவுக்கும் பேச்சு இல்லை. பொதுக்கிணறு, ஒரே மோட்டார், ஆளுக்கு ஒருநாள் முறை. ஒரு கோடையில் யாரோ முறை தாண்டி மோட்டாரை ஓடவிட்டார்கள். யார் என்பதில் இன்றுவரை இரண்டு கட்சி உண்டு. அதிலிருந்து வீட்டில் சித்தப்பா பேச்சு வந்தாலே அப்பா, "அவன் யாரோ, நான் யாரோ" என்பார். நானும் அதை அப்படியே நம்பினேன்.

அப்பா பத்தாவதோடு நின்றவர். ஆனால் டி.வி.யில் ஆதிமனிதன், குகை, எலும்புக்கூடு என்று எது வந்தாலும் சாப்பாட்டுத் தட்டில் கை காய்ந்துபோகும்வரை பார்த்துக்கொண்டிருப்பார். எச்சில் கொடுப்பதற்கு அரைமணி நேரம் முன்னால் எதுவும் சாப்பிடக் கூடாது என்றுதான் அந்த அம்மா சொல்லியிருந்தார். அப்பா மறுநாள் விடியலிலிருந்தே டீகூடக் குடிக்கவில்லை. கூட்டம் முடிந்த ராத்திரியே பள்ளிக்கூடப் பிள்ளைகள் எல்லோரிடமும் நான் சொல்லிவைத்திருந்தேன், எங்கள் அப்பாவின் எச்சில் மொரப்பூரில் ரயிலேறிப் போகப்போகிறது என்று. அப்பாவே சேலத்தைத் தாண்டி ரயிலில் போனதில்லை.

அன்று காலை அந்த அம்மாவுக்கு ஒரு தலைவலி வந்தது. ஒருவருக்கொருவர் சொந்தமில்லாத ஆட்களாக அவருக்கு வேண்டுமாம். ஒரே ரத்தம் இரண்டு தடவை வந்தால் கணக்குத் தப்பிவிடும். ஆனால் ஒருத்தரை எதிரில் வைத்துக்கொண்டு, இவர் எனக்குச் சொந்தமில்லை என்று எங்கள் ஊரில் யார் சொல்வார்கள்? டெய்லர் வீட்டில் கன்னடம் பேசுவார்கள். அவர் செயலாளருக்கு மச்சான் முறை. சர்ச்சுக்குப் போகிற டீச்சர் ஊருக்கே அக்கா. பாதிப்பேரைக் கேட்பதற்குள் ஊர் மொத்தமும் ஒரே குடும்பமாகிவிட்டது. அந்த அம்மா பேனாவை மூடிவைத்துவிட்டார். "அது சும்மா வாயில கூப்புடற முறைங்க மேடம். ரத்த சொந்தமான்னு கேளுங்க" என்று செயலாளர்தான் வழி சொன்னார்.

அதற்குப் பிறகு வேலை நடந்தது. வாய் ஊறாதவர்களுக்கு ஊரே உதவி செய்தது. ஒருவர் எலுமிச்சை ஊறுகாய் என்பார், ஒருவர் கிளிமூக்கு மாங்காய் என்பார். "பாலுக்கு டிகிரி பாக்கற எடத்துல எச்சிலுக்குப் பாக்கறாங்க" என்று ஒரு பாட்டி முணுமுணுத்துக்கொண்டே துப்பினாள்.

நானும் அப்பாவும் போனபோது சித்தப்பா பெஞ்சில் உட்கார்ந்து, எச்சில் பிடிக்கிற சின்னக் குழாயில் பாதியளவு துப்பியிருந்தார். அப்பா அவரைப் பார்க்காமல் போய் நாற்காலியில் உட்கார்ந்தார். ஒரு மாணவர் புதுக்குழாயைப் பிரித்து அப்பா கையில் கொடுத்தார். அந்த அம்மா வழக்கம்போலக் கேட்டார். "இங்க இருக்கறவங்கள்ல யாராவது உங்களுக்கு ரத்த சொந்தமாங்க?"

எல்லோருக்கும் தெரியும். எல்லோரும் அப்பாவையே பார்த்தார்கள். நான் மட்டும் நிம்மதியாக இருந்தேன். அப்பாவின் பதில்தான் எனக்கு மனப்பாடமாயிற்றே.

அப்பா கையிலிருந்த குழாயைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு அதை மேஜைமேல் வைத்தார்.

"அதோ ஒக்காந்திருக்கறவன் என் தம்பிங்க. கூடப் பொறந்தவன்."

"அப்படின்னா ஒருத்தர்தான் குடுக்க முடியும்" என்றார் அந்த அம்மா, சங்கடத்தோடு.

"அவனே குடுக்கட்டுங்க."

எனக்கு அழுகை முட்டியது. இவ்வளவு நேரம் ஒழுங்காகத் துப்பிக்கொண்டிருந்த சித்தப்பாவுக்கோ திடீரென்று வாய் வறண்டுவிட்டது. குழாயை உதட்டில் வைக்கிறார், ஒன்றும் வரவில்லை. ஊறுகாய் என்றார்கள், மாங்காய் என்றார்கள். பலிக்கவில்லை. அப்போது அப்பா, சுவரிடம் சொல்வதுபோலச் சொன்னார்:

"மோட்டுக்கொல்லைப் புளியமரம். செங்காயை உப்புக்கல்லு வெச்சுக் கடிச்சமே. ரெண்டு பேருக்கும் பல்லு கூசி, களிகூட முழுங்க முடியாம அழுதுட்டுப் படுத்தமே."

எனக்குத் தெரிந்து அவர் தம்பியிடம் பேசிய முதல் பேச்சு அதுதான். சித்தப்பாவுக்கு வாய் ஊறியது. கண்ணும் ஊறியது. "அண்ணா, கண்ணீர் உள்ள விழாமப் பாத்துக்கங்க" என்றார் மாணவர். நினைத்தாலே கண்ணில் நீர் வரவைக்கிற அளவுக்குப் புளிப்பான மரமா என்று ஆச்சரியப்பட்டேன்.

திரும்பி வரும்போது அப்பாவை விடவில்லை. "அன்னாடம் யாரோன்னுதானே சொல்லுவீங்க. இன்னிக்கு ஒருநாளு சொல்லியிருந்தா என்னங்கப்பா? நாளைக்கு நான் எப்படிப் பள்ளிக்கூடம் போவேன்?"

"அது வூட்டுல சொல்றது கண்ணு" என்றார் அப்பா. அவ்வளவுதான். எனக்கு அது பதிலாகவே படவில்லை. என் அப்பாவைப்போல ஏமாளி உலகத்தில் இல்லை என்று அன்று நினைத்தேன். இன்று அதே அப்பாவை நினைத்தால் நெஞ்சு நிறைந்துபோகிறது.

வீட்டுக்கு வந்து மூலையில் சுருண்டுகொண்டேன். அப்பா என்ன சொன்னாரோ, அம்மா மறுபேச்சில்லாமல் அடுப்பில் களிக்கு மாவைக் கூடுதலாகக் கொட்டினாள். எப்போதும் மூன்று உருண்டை பிடிக்கிறவள் அன்று நான்கு பிடித்தாள். நாலாவது மற்றவற்றைவிடப் பெரிது. அதன்மேல் நெய்யும் விட்டாள்.

வாசலில் யாரோ செருப்பைக் கழற்றுகிற சத்தம் கேட்டது. அப்பா அவசரமாக எழுந்து துண்டை உதறிப் போட்டுக்கொண்டார். நான் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அந்தப் பெரிய உருண்டை என் கோபத்தைத் தணிக்கத்தான் என்று நினைத்து, எவ்வளவு கெஞ்சினாலும் அதைத் தொடுவதில்லை என்று வீம்பாகப் படுத்திருந்தேன். யாரும் கெஞ்ச வரவில்லை.