கை திரும்பிய பக்கம்

என் வீட்டுக்காரர் விளையாட்டு ஆவணப்படங்களுக்குக் கேமரா பிடிப்பவர். வேறு படத்துக்குக் கூப்பிட்டால் போகமாட்டார். "சும்மா உக்காந்திருக்கிறவங்களை எடுக்க நான் எதுக்கு?" என்பார். எனக்கு வாய்த்தது அப்படி.

வேலை செய்யும்போது அவர் ஒரு கண்ணைக்கூட மூடுவதில்லை. வலது கண் கேமராவுக்குள், இடது கண் மைதானத்தில். எத்தனை பேர் ஓடினாலும் கை தானாக ஒருவர் பக்கம் திரும்பும். சற்று நேரத்திலோ, பொழுது சாய்வதற்குள்ளோ அந்த ஆள் விழுவார். விழுவதற்கு முந்தைய அந்த முகம் இவரிடம் மட்டும்தான் இருக்கும். ஆரம்பத்தில் அதற்காகவே தேடி வந்து வேலை கொடுத்தார்கள். போகப் போக, இவர் லென்ஸைக் கண்டாலே வீரர்கள் ஒதுங்கினார்கள். ஒரு சைக்கிள் வீரர் பந்தயத்தை ஜெயித்துவிட்டு, உடை மாற்றும் அறையின் படியில் விழுந்தார். பிறகு எழுந்திருக்கவே இல்லை.

"தற்செயல்தாங்க. மனசைப் போட்டுக் குழப்பிக்காதீங்க," என்றேன்.

"நான் திருப்பலடி. கைதான் திரும்புது."

எனக்கு எரிச்சலாக வந்தது. பயமாகவும் இருந்தது. எங்கள் மகள் தடை தாண்டும் ஓட்டக்காரி.

அவள் அணியைப் பற்றிய படமும் இவர் தலையில்தான் வந்து விழுந்தது. இறுதிப் போட்டியன்று காலை, பையோடு கிளம்பியவரை வாசலில் மறித்தேன்.

"அவ பக்கம் மட்டும் திருப்பிடாதீங்க."

"இன்னிக்குக் கண்ணையே மூடிக்கிறேன், போதுமா?"

ஏதோ பேச்சுக்குச் சொல்கிறார் என்று நினைத்தேன்.

முதல் வரிசையில் உட்கார்ந்து, மூச்சைப் பிடித்துக்கொண்டு மகளையே பார்த்தேன். ஒரு தடையிலும் அவள் கால் தட்டவில்லை. இரண்டாவதாக வந்தாள். அழுகையும் சிரிப்புமாக நான் ஓடிப்போனபோது, அவர் அப்போதுதான் கண்ணைத் திறந்தார். சொன்னபடியே செய்திருக்கிறார் மனுஷன்.

வீட்டுக்கு வந்ததும் மகள் குளிக்கப் போனாள். எடுத்ததைப் போட்டுப் பார்த்தோம். குனிந்து நிற்கும் பெண்கள். துப்பாக்கிச் சத்தம். கேமரா மகளைத் தாண்டியது, ஓடுபாதையைத் தாண்டியது, பார்வையாளர் வரிசைக்கு வந்து நின்றது. ஓட்டம் முடியும்வரை அங்கேயே நின்றது. திரை முழுக்க என் முகம். கொஞ்சமும் ஆட்டமில்லை.

"நல்லாத்தான் விழுந்திருக்கேன்," என்றேன். ஏதாவது சொல்ல வேண்டுமே.

அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். அவர் உள்ளங்கை சில்லென்றிருந்தது.

குளியலறையிலிருந்து மகளின் குரல் கேட்டது.

"அம்மா, மொட்டை மாடியில துண்டு காயுது. ஏறி எடுத்துட்டு வாம்மா."

நான் எழுந்தேன். அவர் கையை விடவில்லை.