இரண்டாம் வரிசையில் நான்காவது இடம்

என் தம்பியைத் தெரிந்தவர்கள் எல்லாரும் அவன் பொறுமையைப் பற்றித்தான் பேசுவார்கள். பொறுமைதான், இல்லை என்று சொல்லவில்லை. கொக்குக்கும் பொறுமை உண்டு. அது எப்படிப்பட்ட பொறுமை என்று மீனைத்தான் கேட்க வேண்டும். பட்டாளத்தில் அவனுக்குப் பெயரே நெட்டைக்கொக்கு. ஆள் அவ்வளவு உயரம், கால் அவ்வளவு ஒல்லி. நிலைப்படியில் தலை இடிக்காமல் அவன் எங்கள் வீட்டுக்குள் நுழைந்ததே கிடையாது.

அப்பாவோடு சண்டை போட்டுக்கொண்டு பதினெட்டு வயதில் பட்டாளத்தில் போய்ச் சேர்ந்தான். ஒரு ஜோடிச் செருப்புக்காக வந்த சண்டை. சொன்னால் சிரிப்பீர்கள், விடுங்கள். கல்யாணமும் செய்துகொள்ளவில்லை. ஒவ்வொரு விடுமுறையிலும் நான் நச்சரிப்பேன். "ஏற்கெனவே முப்பது பிள்ளைங்க இருக்காங்கக்கா. எவ வருவா?" என்பான். முப்பது பேரும் சாப்பிட்டு முடித்த பிறகுதான் தட்டில் கை வைப்பான். அந்தப் பழக்கம் எங்கள் வீட்டிலும் போகவில்லை. என் பிள்ளைகளை எண்ணிப் பார்த்துவிட்டுத்தான் உட்காருவான்.

அந்த முப்பது பேருக்குப் பிளாட்டூன் என்று பெயர். பட்டாளத்தை எப்படிக் கட்டி வைத்திருக்கிறார்கள் என்று தெரிந்தால்தான் நான் சொல்லப்போவது விளங்கும். பத்துப் பேர் ஒரு செக்ஷன். ஒரே அடுப்பு, ஒரே கூடாரம், ஒருவன் தும்மினால் ஒன்பது பேருக்கும் தெரியும். மூன்று செக்ஷன் சேர்ந்தது பிளாட்டூன். அதற்குத் தலைவராக ஒரு சின்ன லெப்டினன்ட் வருவார். அவர் புது மாப்பிள்ளை மாதிரி. மரியாதையெல்லாம் அவருக்கு, குடும்பத்தை நடத்துவது சார்ஜென்ட். என் தம்பிதான் சார்ஜென்ட். மூன்று நான்கு பிளாட்டூன் ஒரு கம்பெனி, அதற்கு ஒரு மேஜர். நான்கைந்து கம்பெனி சேர்ந்தால் பட்டாலியன். அது ஒரு ஊர் ஜனம், அதற்குக் கர்னல். மூன்று பட்டாலியன் ஒரு பிரிகேட். பிரிகேட்டுகளோடு பீரங்கிக்காரர்கள், பாலம் போடுகிறவர்கள், டாக்டர்கள், லாரிகள் எல்லாம் ஒன்றாகிவிட்டால் டிவிஷன். பத்தாயிரம் பேருக்கு மேல் இருப்பார்கள். அதன் தலையில் ஒரு ஜெனரல். அவரை நான் சம்பந்தி வீட்டுப் பெரியவர் என்று வைத்துக்கொண்டேன். வருடத்துக்கு ஒருமுறை வருவார், எதையாவது குறை சொல்லாமல் போகமாட்டார்.

என் மூத்த மகனும் அந்தப் பிளாட்டூனிலேயே சேர்ந்தான். தாய்மாமன் இருக்கிற இடம், என்ன பயம் என்று நினைத்தோம். சலுகை ஒன்றும் கிடைக்கவில்லை. "வீட்லதான்டா நான் மாமா. இங்க சார்ஜென்ட்" என்று முதல் நாளே சொல்லிவிட்டானாம். விடுமுறையில் வந்தவன் என்னிடம் முறையிட்டான்: "எல்லார் பூட்ஸையும் ஒரு தடவ பாக்கறாரும்மா. என்னோடத மட்டும் ரெண்டு தடவ."

அணிவகுப்பில் பிளாட்டூன் மூன்று வரிசையாக நிற்கும். செக்ஷனுக்கு ஒரு வரிசை. என் மகன் இரண்டாம் செக்ஷன், அதனால் இரண்டாம் வரிசை. உயரப்படி அவனுக்கு நான்காவது இடம். அவனுக்குப் பக்கத்தில் ஐந்தாவதாக நிற்பவன் செம்பட்டை. தலைமுடி சோளக்கதிர் நிறம்.

கம்பெனி மேஜரைப் பையன்கள் பூனை என்பார்கள். சத்தமில்லாமல் வந்து பின்னால் நிற்பான். மரியாதை கொடுத்துப் பேசச் சொல்கிறார்கள் என்னை. இந்த ஒரு விஷயத்தில் யார் சொன்னாலும் கேட்கமாட்டேன்.

ஒரு மழைக்காலத்தில் பட்டாலியன் முழுவதும் ஓர் ஆற்றைக் கடந்து முகாம் மாறியது. கடந்த பிறகு பூனைக்கு நினைவு வந்தது: அவனுடைய சாய்வு நாற்காலி அக்கரையிலேயே நின்றுவிட்டது. தண்ணீர் ஏறிக்கொண்டிருந்தது, கடக்கக் கூடாது என்று உத்தரவு வந்தாகிவிட்டது. அவன் என் மகனையும் செம்பட்டையையும் கூப்பிட்டு ரப்பர் படகில் அனுப்பினான். செம்பட்டை மட்டும் திரும்பி நீந்தி வந்தான்.

ஒரு நாற்காலிக்காக ஒரு பையனை ஆற்றில் விட்டேன் என்று எந்த மேஜர் சொல்வான்? இரவோடு இரவாக ஓடிப்போய்விட்டான் என்று மேலே சொல்லிவிட்டான். செம்பட்டையைத் தனியாகக் கூப்பிட்டு, "அவன் ஓடினதப் பாத்தேன்னு சொல்றியா, இல்ல படகைத் தொலைச்சதுக்கு ஜெயிலுக்குப் போறியா?" என்றான். செம்பட்டை என் தம்பியிடம் அழுதுகொண்டே உண்மையைச் சொன்னான். விசாரித்தவர்களிடம் பூனை சொன்னதையே சொன்னான்.

உடல் கிடைக்கவில்லை. ராணுவப் போலீஸ் மட்டும் கிடைத்தது. எங்கள் வீட்டுக் கட்டிலைத் தூக்கிப் பார்த்தார்கள், பரணில் ஏறினார்கள், அரிசி டிரம்மின் மூடியைத் திறந்தார்கள். "அவன் ஆறடிப் பையன்ப்பா, அதுக்குள்ளயா உக்காந்திருப்பான்?" என்று கேட்டேன். தெருவில் எனக்குப் புதுப் பெயர் வந்தது. குழாயடியில் நான் குடத்தை வைத்தால் பேச்சு நின்றுவிடும். ஓடிப்போனவனின் அம்மா. செத்தவனுக்கு அழலாம். ஓடிப்போனவனுக்கு அழக்கூட எனக்கு உரிமை இல்லை.

தம்பி வந்தபோது நான் கேட்டேன். "உன் கையில துப்பாக்கி இருக்குல்ல?"

"இருக்கு."

"அப்புறம் என்ன?"

"சுட்டா அவன் தியாகிக்கா. நான் கொலைகாரன். உன் பையன் அப்பவும் ஓடிப்போனவன்தான்." தொப்பியை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டான். "அவன் வாயாலயே சொல்ல வைக்கறேன். எத்தன வருஷம் ஆனாலும்."

பட்டாளத்தில் குறை சொல்வதற்கு ஏணி உண்டு. ஒரு படியைத் தாண்டி அடுத்த படியில் கால் வைக்கக் கூடாது. சார்ஜென்ட் லெப்டினன்டிடம் சொல்ல வேண்டும், அவர் கம்பெனி மேஜரிடம் சொல்ல வேண்டும், அவர் கர்னலிடம். தம்பியும் முறைப்படிதான் ஏறினான். மேஜர் என்ற படியில் பூனையே உட்கார்ந்திருந்தது. "மருமகன் மேல பாசம் இருக்கும், புரியுது. பாசமெல்லாம் சாட்சி ஆகாது சார்ஜென்ட்" என்று சிரித்தானாம்.

ஏணி இல்லாமல் வாய் திறக்கக்கூடிய நாள் ஒன்றே ஒன்று. டிவிஷன் ஜெனரல் பார்வையிட வரும் நாள். வரிசை வரிசையாக நடந்து போவார், ஏதாவது குறை இருக்கிறதா என்று கேட்பார், யார் வேண்டுமானாலும் சொல்லலாம். பூனைக்கும் அது தெரியும். ஜெனரல் வரும் ஒவ்வொரு முறையும் என் தம்பிக்கு வேறெங்கேயாவது வேலை வந்துவிடும். ஒரு முறை லாரிக்குக் காவல். இன்னொரு முறை உடம்புக்கு ஒன்றும் இல்லாதவனை ஆஸ்பத்திரிக்கு அனுப்பினான்.

தம்பி என்ன செய்தான் தெரியுமா? ஆள் குறைந்தால் வரிசையை நெருக்கி நிற்பது வழக்கம். தன் பிளாட்டூனில் இரண்டாம் வரிசை நான்காவது இடத்தை மட்டும் அவன் நெருக்க விடவில்லை. ஓர் ஆள் அகலத்துக்கு வெற்றிடம். தினமும் காலையில் அப்படியே நிற்க வைத்தான், அப்படியே நடக்க வைத்தான். புதிதாகச் சேர்ந்த பையன்களுக்கு அங்கே நிற்கக் கூடாது என்பது மட்டும்தான் தெரியும், காரணம் தெரியாது. லெப்டினன்ட் கேட்டால், "வெளிய வேலையா போயிருக்கார் சார், இடம் அவருக்கு" என்பான். லெப்டினன்ட்கள் வந்தார்கள், போனார்கள். அது அந்தப் பிளாட்டூனின் வழக்கம் என்று விட்டுவிட்டார்கள். ஜெனரல் வரும் நாளில் மட்டும் பூனையே வந்து நின்று அந்த இடத்தை நெருக்க வைப்பான்.

செம்பட்டையை அவன் அடிக்கவில்லை, திட்டவில்லை. வேறு செக்ஷனுக்கு மாற்றச் சொல்லிக் கெஞ்சியபோது, "உன் இடம் இதுதான்" என்று மட்டும் சொன்னான். மழையோ வெயிலோ, அந்த வெற்றிடத்தை ஒட்டியே அவன் தினமும் நின்றான். இதைக் கேள்விப்பட்ட அன்று எனக்கு நன்றாகத் தூக்கம் வந்தது.

பூனைக்குப் பதவி உயர்ந்தது. கர்னல் ஆகிப் பட்டாலியன் முழுவதற்கும் தலைவன் ஆனான். தம்பி சந்தோஷமாக வந்து சொன்னபோது எனக்கு எரிந்தது. "உனக்குப் புத்தி கெட்டுப்போச்சா?" என்றேன்.

"இல்லக்கா. கம்பெனியில இருக்கறவன் பிளாட்டூனைப் பாப்பான். பட்டாலியனுக்குப் போனவன் கம்பெனியத்தான் பாப்பான். ஏற ஏற எங்க வரிசை அவன் கண்ணுக்குத் தெரியாது."

தம்பிக்கும் உயர்வு கொடுத்தார்கள், கம்பெனிக்கே பெரிய சார்ஜென்ட்டாக. வேண்டாம் என்றுவிட்டான். மேலே போனால் அந்த வரிசை அவன் கையை விட்டுப் போய்விடும்.

அடுத்ததாக ஜெனரல் வந்த நாளில் தம்பியை அரிசி மூட்டைக் கிடங்குக்குக் காவல் போட்டான் பூனை. அந்த முறை ஜெனரல் திருப்தியாகப் போனால் அவனுக்குப் பிரிகேட் கிடைக்கும் என்று பேச்சு. சார்ஜென்ட்டை அப்புறப்படுத்திவிட்டால் பிளாட்டூனையே அப்புறப்படுத்தினதாக அவன் நினைத்துக்கொண்டான். அங்கேதான் சறுக்கினான். அன்று வெற்றிடம் விடச் சொல்லி யாரும் உத்தரவு போடவில்லை. பையன்களின் கால்கள் தாமாகவே விட்டன.

பிறகு நடந்ததைச் செம்பட்டையே என் வாசலில் வந்து உட்கார்ந்து சொன்னான். தண்ணீர் கொடுத்தேன். சாப்பிடச் சொல்லவில்லை.

ஜெனரல் முதல் வரிசையைப் பார்த்துவிட்டு இரண்டாவதற்கு வந்தார். நான்காவது இடத்தில் நின்றுவிட்டார். அந்தக் காலத்து ஆள், கோணல் வரிசை அவருக்குக் கண்ணில் விழுந்த தூசி.

"இங்க ஏன் ஆள் இல்ல?"

பக்கத்தில் நின்றவன் செம்பட்டை. அவனைத்தான் பார்த்தார்.

"அவன் இன்னும் வரல சார்" என்றான் செம்பட்டை.

"எங்க போயிருக்கான்?"

"ஆத்துக்கு அந்தப் பக்கம். ஒரு நாற்காலி எடுத்துட்டு வர."

"எப்ப போனான்?"

"நாலு வருஷம் ஆச்சு சார்."

ஜெனரல் அவன் முகத்துக்கு இன்னும் கிட்டே வந்தார். "யார் அனுப்பினது?"

"உங்களுக்குப் பின்னால நிக்கறாரே சார், அவர்."

விசாரணை வைத்தார்கள். பூனை நாற்காலியே கிடையாது என்றான். கம்பெனிச் சமையல்காரரைக் கேட்டபோது, "துணி கிழிஞ்சா நான்தானே சார் தைப்பேன், இல்லாத நாற்காலிக்கா ஊசி குத்திக்கிட்டேன்?" என்றாராம். பட்டாலியன் பூனையின் கையை விட்டுப் போயிற்று, பதவியும் போயிற்று. ஜெயில் உண்டு என்று தீர்ப்பானது. பொய் சொன்னதற்குச் செம்பட்டைக்கும் சில மாதம் கிடைத்தது. அணிவகுப்பு ஒழுங்கைக் கெடுத்தான் என்று என் தம்பியின் தோள்பட்டையிலிருந்து ஒரு பட்டையை எடுத்தார்கள். நூலை அவனே பிரித்துக் கொடுத்தானாம்.

என் மகன் ஓடவில்லை, கடமையில் இறந்தான் என்று காகிதத்தில் கொடுக்கிறோம் என்றார்கள். தம்பி ஒத்துக்கொள்ளவில்லை. "எங்க அக்காவுக்குப் படிக்கத் தெரியாது சார். பொய் சொன்னவர் வாயாலயே சொல்லட்டும். பட்டாலியன் முன்னால, எங்க அக்கா முன்னால." ஜெனரல் சரி என்றார். நான் அங்கே கிளம்பும் முன் பூனையின் மனைவி எனக்குச் சொல்லி அனுப்பினாள், அவருக்கு இதயம் பலவீனம், மன்னித்து விட்டுவிடுங்கள் என்று. என் மகனுக்கு இதயம் நன்றாகத்தான் இருந்தது என்று பதில் சொல்லி அனுப்பினேன்.

மைதானத்தில் எனக்கு ஒரு நாற்காலி போட்டார்கள். நான் உட்காரவில்லை. நாலு கம்பெனியும் நின்றது, அவ்வளவு பேர் நிற்கும் இடத்தில் ஒரு செருமல்கூட இல்லை. பூனையை அழைத்து வந்தார்கள். தோளில் பட்டையில்லாத சட்டை. என் மகனின் பெயரைச் சொன்னான். அவன் ஓடவில்லை, என் உத்தரவால் ஆற்றில் இறந்தான், நான் பொய் சொன்னேன் என்றான்.

"கேக்கல" என்றேன்.

ஜெனரல் தலையசைத்தார். அவன் மறுபடியும் சொன்னான், இன்னும் உரக்க.

"எனக்கு வயசாயிடுச்சு. கேக்கல."

மூன்றாவது முறை தொண்டை கிழியச் சொன்னான். கடைசி வரிசைப் பையன்கள் வரை, மதிலுக்கு வெளியே தெருவில் நின்றவர்கள் வரை கேட்டது. என் தம்பி குனிந்து, "இப்ப கேட்டுதாக்கா?" என்றான்.

முதல் தடவையே எனக்கு நன்றாகக் கேட்டிருந்தது.