கண்ணை மூடிக் கேட்கும் விளையாட்டு

ரேடியோ பாடம் நடத்துவது சுலபம் என்று நினைப்பவர்கள், ஒன்றாம் வகுப்பை அரை மணி நேரம் வாய்மூடி உட்காரவைத்துப் பார்க்கலாம். இதே பாடுபடும் டீச்சர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. படிப்பு முடித்த கையோடு, விருத்தாசலத்தில் செராமிக் சூளைகளுக்குப் பக்கத்துப் பள்ளியில் சேர்ந்தேன். சத்தமாகப் பேச வராத எனக்கு, ரேடியோ பேசியது பெரிய நிம்மதி.

அவசர சபாஷ்

ரேடியோ அக்கா ஒரு சத்தத்தைப் போட்டு, “இது என்ன?” என்பார். பிள்ளைகள் பதில் சொல்லக் கொஞ்சம் இடைவெளி விட்டு, “சபாஷ்!” என்பார். ஒருநாள் ஜங்ஷனில் ரயில் ஊதியதில் கேள்வியே காதில் விழவில்லை. சபாஷ் மட்டும் விழுந்தது. முன்வரிசை முருகன் எழுந்தான்.

“நாங்க ஒண்ணுமே சொல்லல மிஸ், அந்தக்காவுக்கு என்னா அவசரம்?”

கடைசியில் திறந்த கண்

தவளை மாதிரி குதிக்கச் சொன்னால், மற்றவர்கள் குதித்த பிறகுதான் தேன்மொழி குதிப்பாள். ஆனால் அவளைப்போல் அழகாகக் குதிக்க ஆளில்லை. வாய் திறந்து பேசவும் மாட்டாள். மந்தம் என்றார் பக்கத்து வகுப்பு டீச்சர். எனக்கு அப்படித் தோன்றவில்லை. அவள் கண் எப்போதும் மற்ற பிள்ளைகள் மேலேயே இருந்தது.

ஒருநாள், கண்ணை மூடிக்கொண்டு, மணி அடித்ததும் திறக்கும் விளையாட்டு. ரேடியோவில் மணி அடித்தது. எல்லாரும் திறந்துவிட்டார்கள். தேன்மொழி மட்டும் மூடிய கண்ணோடு சிரித்தபடி உட்கார்ந்திருந்தாள். பக்கத்திலிருந்த கவிதா அவள் தொடையைத் தட்டினாள்.

“தொட்டாதான் மிஸ் இவ தொறப்பா. எப்பவும் நான்தான் தொட்டுவுடுவேன்.”

அம்மா தட்டிய கப்பு

தேன்மொழியின் அம்மா அஞ்சலைக்குக் கப்பு கம்பெனியில் வேலை. சூளையிலிருந்து வந்த கப்புகளை விரலால் தட்டி, ஓசையை வைத்தே விரிசல் விட்டதை ஒதுக்குவார். தேன்மொழியை அங்கே கூட்டிக்கொண்டு போய், தயங்கித் தயங்கிக் காது விஷயத்தைச் சொன்னேன்.

“எம்புள்ளைக்கா? கையக் காட்டுனா ஓடியாருதே!” என்று கோபப்பட்டார். மகளைத் திருப்பி நிறுத்தி, நல்ல கப்பாக எடுத்துத் தலைக்குப் பின்னால் தட்டினார். கணீரென்றது. அவள் திரும்பவில்லை. இன்னும் பலமாகத் தட்டினார். பிறகு பெயர் சொல்லிக் கத்தினார். தேன்மொழி சூளைப் புகையையே பார்த்துக்கொண்டிருந்தாள். வரிசையில் மற்ற பெண்கள் தட்டுவதை நிறுத்திவிட்டார்கள். அஞ்சலை கப்பை மெதுவாகக் கீழே வைத்தார்.

“இத்தினி வருசமா நான் யாரக் கூப்டுக்கினு இருந்தேன் மிஸ்?”

விடுதி

காதில் மெஷின் வைத்தும் பெரிய பலனிருக்காது என்றார்கள் டாக்டர்கள். கடலூர்ப் பக்கம், காது கேளாத பிள்ளைகளின் விடுதிப் பள்ளியில் மகளைச் சேர்த்துவிட்டு, அஞ்சலை நேராக என்னிடம் வந்தார். பள்ளி நல்ல பள்ளிதான் என்றார்.

“இருட்டுன்னா அதுக்கு பயம் மிஸ். ராத்திரில பயந்து கத்துனா, அந்தப் புள்ளைங்கள்ல யாருக்குக் கேக்கும்?”

அந்த வருடம் பார்வையிட வந்த அதிகாரி, எங்கள் வகுப்பில் எல்லாப் பிள்ளைகளும் நன்றாகக் கேட்கிறார்கள் என்று பாராட்டிவிட்டுப் போனார். அப்போது அது உண்மையாகத்தான் இருந்தது.