பெகிமாய் எழுதிய பேர்

மேடையில் தோழிகளை அறிமுகப்படுத்தும்போது பெகிமாய் ஒருத்தியை மட்டும் பேர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. "இது உமுத். இது நம்ம நெட்டை" என்று மோவாயை அந்தப் பக்கம் ஆட்டுவாள். கூட்டம் சிரிக்கும். கல்யாணமானதிலிருந்தே இப்படித்தான். நெட்டையின் பேர் ஜூரா. பெகிமாயின் மாமியார் பேரும் ஜூரா. மாமியார் பேரை மருமகள் வாயில் எடுக்கலாமா?

'அல்ச்சா' என்ற அந்த மூவர் குழு ஒரு காலத்தில் பிஷ்கெக் நகரத்து டாக்சி ரேடியோக்களில் எல்லாம் பாடிக்கொண்டிருந்தது. இப்போது கல்யாண விருந்துகளில் பாடுகிறது. அந்தக் கதையைத்தான் பெகிமாய் புத்தகமாக எழுதினாள். அச்சுக்குப் போகுமுன் ஜூராவுக்குப் படிக்கக் கொடுத்தாள்.

அடுத்த விருந்தில், உடை மாற்றும் அறையில், ஜூரா கையிலிருந்த போர்சோக் பணியாரத்தைத் தட்டிலேயே போட்டாள்.

"நெட்டை வந்தாள், நெட்டை பாடினாள், நெட்டைக்குத் தொண்டை கட்டியது. எங்கப்பன் எனக்குப் பேரே வைக்கலையாடி?"

"அத்தை பேருன்னு உனக்குத் தெரியாதா?"

"மேடையில போகட்டும். புத்தகத்துல எம் பொண்ணு என்னை எங்க தேடுவா? பேர் வரலேன்னா நீங்க ரெண்டு பேரும் பாடிக்குங்க."

உமுத் கண்ணாடியைப் பார்த்தபடி, "மேல்சுருதிய யாரு பாடுறது? நானா? பொண்ணு வீட்டுக்காரங்க எழுந்து ஓடிருவாங்க" என்றாள். யாரும் சிரிக்கவில்லை.

அந்த வாரம் முழுக்க பெகிமாய்க்கு இருப்புக் கொள்ளவில்லை. பேரை எழுதுவாள், அடிப்பாள். அடுப்படிக்குப் போவாள், எதற்கு வந்தோம் என்று தெரியாமல் திரும்புவாள். கடைசியில் பொறுக்க முடியாமல், மாவு தேய்த்துக்கொண்டிருந்த மாமியாரிடமே போய் நின்றாள்.

"அத்தை, புத்தகத்துல ஒரு பேர் எழுதணும். எழுதட்டுமா?"

கிழவி கட்டையை நிறுத்தவில்லை. யார் பேர் என்றும் கேட்கவில்லை.

"எம் மாமனார் செத்து எத்தனையோ வருஷமாச்சு. இன்னும் அவர் பேர் என் வாயில வந்ததில்ல. நீ பாட்டுக்கு எழுதியிருந்தா எனக்கு எழுத்து தெரியாதுன்னு இருந்திருப்பேன். கேட்டுட்டியே. கேட்டா நான் வேண்டாம்னுதானே சொல்லணும்?"

"அத்தை..."

"வேண்டாம்."

பெகிமாய் அறைக்குள் போனாள். உட்கார்ந்தாள், எழுந்தாள், ஜன்னலைத் திறந்து மூடினாள். பிறகு முதல் பக்கத்திலிருந்து ஆரம்பித்து, ஒவ்வொரு இடத்திலும் ஜூரா, ஜூரா என்று எழுதிக்கொண்டே போனாள். எழுத்து கோணியது. நிறுத்தவில்லை.

புத்தகம் வந்துவிட்டது. மூன்று பேரும் சேர்ந்துதான் பாடுகிறார்கள். வீட்டில் விருந்தாளி வந்தால் தேநீர் ஊற்ற முன்பு பெகிமாயைக் கூப்பிடும் அத்தை, இப்போது இளைய மருமகளைத்தான் கூப்பிடுகிறாள்.