வட்டக்காய் சாம்பாரில் மாசி

எங்கள் பக்கம் பூசணிக்கு வட்டக்காய் என்றுதான் பேர். பெல்மதுளையிலிருந்து மாமா தோளில் சுமந்து வந்த வட்டக்காய் அந்தப் புரட்டாசிச் சனிக்கிழமை எங்கள் தேயிலைத் தோட்டத்து லய வீட்டுக் குசினியின் நடுவில் உட்கார்ந்திருந்தது. அதைத் தோல் சீவி வெட்டுவதா, தோலோடு வெட்டுவதா? எனக்கு எட்டு வயது. வீட்டில் இருந்த சண்டை இதுதான் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

அம்மாவுக்குத் தோல் ஆகாது. அத்தைக்குத் தோலோடு வெந்தால்தான் கறி. அத்தை சிங்களப் பெண். எம்பிலிப்பிட்டியவுக்கு வேலைக்குப் போன மாமா இரண்டு வருடம் ஒரு தகவலும் இல்லாமல் இருந்துவிட்டு, பத்து நாளைக்கு முன்னால்தான் அவளோடு வந்து இறங்கியிருந்தார். தம்பி திரும்பி வரவேண்டும் என்றுதான் அம்மா பெருமாளுக்கு விரதம் பிடித்தாள். புரட்டாசி முழுக்க எங்கள் வீட்டுக்குள் மீன் வாசமே வராது. பெருமாள் கேட்டதைக் கொடுத்தார். கேட்காததையும் கூடவே அனுப்பிவிட்டார்.

பத்து நாளும் அத்தை கையால் அம்மா ஒரு வாய் தேத்தண்ணிகூடக் குடிக்கவில்லை. அன்று காலையில் மாமா சொல்லிவிட்டார்.

"நாளைக்கு மொத பஸ்ஸுல நாங்க போயிர்றோம்க்கா. நீங்க மூஞ்சி குடுக்காம இருந்தா அவ எப்புடி இருப்பா?"

"போறவங்கள நான் கட்டியா வச்சிருக்கேன்?" என்ற அம்மா, அடுப்பில் பருப்பை ஏற்றிப் புளியையும் கரைத்து ஊற்றிவிட்டு, கூடையை மாட்டிக்கொண்டு கொழுந்தெடுக்கப் போனாள். வாசலில் என் பக்கம் மட்டும் திரும்பினாள். "பருப்ப பாத்துக்க. அடிப்புடிச்சா ஒனக்கு இருக்கு."

பருப்பும் புளியும் கொதித்தன. மழை பிடித்துக்கொண்டது. பகல் திரும்பியும் அம்மாவைக் காணோம். அத்தை என் பக்கத்தில் வந்து குந்தினாள். வட்டக்காயைத் தோலோடு துண்டுபோட்டுச் சட்டிக்குள் விட்டாள். துருவிய தேங்காய்ப்பூவையும் ஒரு பிடி அரிசியையும் கறுக்கக் கறுக்க வறுத்து, கடுகு வைத்து அம்மியில் அரைத்தாள். எங்கள் மஞ்சளுக்குள் அவர்களுடைய கறுப்பு விழுந்து சுழன்றது, சுழன்றது, பிறகு எது எது என்று தெரியவில்லை. தேங்காய்ப்பால் வேறு. இது சாம்பாரா, கறியா? யார் வீட்டுச் சட்டி இது? இன்றைக்குப் போனைத் திறந்தால் இப்படிச் சமைப்பதை ஃபியூஷன் என்கிறார்கள். அன்று அதற்குப் பேர் இல்லை. குளிருக்கு அந்த ஆவி முகத்தில் பட்டபோது எனக்கு அழுகை மாதிரி ஒரு பசி வந்தது.

கடைசியாக அத்தை தன் பைக்குள்ளிருந்து ஒரு போத்தலை எடுத்தாள். இரண்டு விரலால் அள்ளித் தூவினாள். மாசி! கட்டைபோல இறுகக் காய்ந்த மீனை இடித்த தூள்.

"அத்தை, மீனு!"

"அனே, மீன் இல்ல மகள். உம்பலகட. சும்மா வாசத்துக்கு."

மீனும் இறைச்சியும் கூடாது என்று மாமா அவளிடம் சொல்லித்தான் இருந்தார். ஆனால் அவர்கள் குசினியில் மாசி உப்பு மாதிரி. அதை யாரும் மீன் என்று நினைப்பதில்லை. அவள் சொன்ன தெளிவில் எனக்கே சந்தேகம் வந்துவிட்டது.

அம்மா தெப்பலாக நனைந்து வந்தாள். சேலை மாற்றி, விளக்கேற்றிக் கும்பிட்டு, சட்டியை எட்டிப் பார்த்தாள். மாமா கதவோரம் வைத்திருந்த பையையும் பார்த்தாள். பிறகு தட்டை எடுத்து உட்கார்ந்தாள். அத்தை ஊற்றினாள்.

முதல் வாயில் அம்மாவின் தாடை ஒரு கணம் நின்றது. மறுபடி மென்றாள்.

"புளி பத்தல."

பத்து நாளில் அவள் அத்தையிடம் பேசிய முதல் பேச்சு.

"புளி போட்டதே நீங்கதானேக்கா!" என்று மாமா கத்த, அம்மாவுக்கே சிரிப்பு வந்துவிட்டது. எல்லாரும் சிரித்தார்கள். பெருமாள் பார்த்துக்கொண்டிருக்கிறாரே என்று எனக்குப் பதறியது.

"அம்மா, சாப்புடாதீங்க! அதுல மாசி கெடக்கு!"

சோற்றுக் கை வலது. அம்மா இடது கையால் என் கன்னத்தில் விட்டாள், பளாரென்று.

"வெரத நாள்ல வாயத் தொறந்தா பொய்யி! எல்லாம் நீ குடுக்குற செல்லந்தான் தம்பி." அத்தையின் முகம் வெளுத்துப்போயிருந்தது. அம்மா தலை நிமிராமல் தட்டை நீட்டினாள். "இன்னொரு அகப்ப ஊத்து புள்ள."

அன்று பொழுது சாய்வதற்குள் மாமாவின் சாரமும் அத்தையின் சட்டைகளும் பையிலிருந்து கொடிக்குப் போயின. எனக்குச் சந்தோஷப்படுவதா, அழுவதா என்று தெரியவில்லை. கன்னம் மட்டும் எரிந்துகொண்டிருந்தது. மழை விட்டதும் அம்மா தண்ணீர் கொட்டும் பீலிக்குப் போனாள். நானும் பின்னாலேயே போனேன். அவள் என்னைப் பார்க்கவில்லை. வாய் கொப்பளித்தாள், துப்பினாள், மறுபடி கொப்பளித்தாள். விரலை விட்டு நாக்கை வழித்தாள். பிறகு கிழக்கே திரும்பி இரண்டு கன்னத்திலும் போட்டுக்கொண்டாள், என்னை அடித்ததைவிடப் பலமாக.

பொய் சொன்னது நான் என்றுதானே அடித்தாள். இவள் எதற்கு அடித்துக்கொள்கிறாள் என்று எனக்கு விளங்கவில்லை.