பிரெஞ்சுப் பண்ணைப் பெண்களுக்கு வாயாக இருந்த காலம்

மொழிபெயர்ப்பாளருக்கு விருந்து மேசையில் நாற்காலி உண்டு, தட்டு உண்டு, சாப்பிட மட்டும் நேரம் கிடையாது. ஜெர்மனியில் வளர்ந்த தமிழ்ப் பிள்ளைகளுக்கு நான் இதை விளக்கத் தேவையில்லை. அம்மாவின் வயிற்றுவலியை டாக்டருக்கும், டாக்டரின் சலிப்பை அம்மாவுக்கும் எடுத்துச் சொல்லி வளர்ந்தவர்கள்தானே நாங்கள் எல்லோரும்.

நான் கெல்சென்கிர்ச்சனில் வளர்ந்தவன். பள்ளி விடுமுறைகள் பாரிசில் சித்தப்பா வீட்டில் கழிந்ததால் பிரெஞ்சும் ஒட்டிக்கொண்டது. பான் பல்கலைக்கழகத்தில் படித்துக்கொண்டிருந்தபோது பக்கத்துச் சிறு நகரம் ஒன்றின் நட்புச் சங்கம் என்னைக் கூப்பிட்டது. அவர்களுக்குப் பிரான்சில் நட்பு ஒப்பந்தம் செய்துகொண்ட ஒரு சோடி நகரம் இருந்தது. நடுவில் மாதா கோயில், சுற்றிவரப் பண்ணைகள். கோடை வந்தால் அங்கிருந்து ஒரு பஸ் நிறைய ஆட்கள் வந்து இறங்குவார்கள். இரு ஊர்க்காரரின் பேச்சும் என் காதில் எப்போதும் யாழ்ப்பாணத் தமிழாகவே விழுந்தது. இங்கேயும் அப்படியே எழுதுகிறேன்.

தொழில் இல்லை

2001 கோடை. அந்த வசந்தத்தில்தான் பிரான்சில் புதுச் சட்டப்படி உள்ளூர்த் தேர்தல் நடந்திருந்தது. சற்றுப் பெரிய ஊர்களில் ஆண்களுக்குச் சமமாகப் பெண்களையும் வேட்பாளர்களாக நிறுத்தியே ஆக வேண்டும். அப்படி நகரசபைக்குள் வந்தவர் மதாம் ஒடீல், ஐம்பது வயதுப் பண்ணைக்காரி. "பட்டியலுக்குப் பெண் ஆள் போதாமல் சேர்த்தது," என்று அவர்களுடைய மேயர் அவர் முன்னாலேயே சிரித்தார். ஒடீல் சிரிக்கவில்லை. பிறகு கோப்பிக் கோப்பையோடு என் பக்கத்தில் வந்து நின்றார். "நான் சபைக்குப் போனது ஒரேயொரு காரியத்துக்கு, தம்பி. எங்கட பண்ணைப் பக்கத்துப் பிள்ளையளுக்குப் பள்ளிக்கூட பஸ் இல்லை. ஒவ்வொரு கூட்டத்திலயும் கை உயர்த்துறன். நேரம் முடிஞ்சுது எண்டு சொல்லிப்போட்டு அவர் எழும்பிப் போறார்."

அறிமுகச் சுற்றில் எங்கள் சங்கத் தலைவி ஃப்ராவ் ஹில்ட அவரிடம் தொழில் என்ன என்று கேட்டார். "தொழில் இல்லை, நாலு பிள்ளையளுக்குத் தாய்," என்றார் ஒடீல். பண்ணைக்காரனின் மனைவியைப் பற்றிப் பத்திரங்களில் வெகுகாலம் 'தொழில் இல்லை' என்றுதான் எழுதினார்களாம். அதுவே வாயில் பழகிவிட்டது. "அவவுக்குத் தொழில் இல்லையாம்," என்று நான் மரியாதையாக மொழிபெயர்க்க, ஹில்ட மேசையைத் தட்டினார். மொழிபெயர்ப்பவர் 'நான்' என்றுதான் பேச வேண்டும், அதுவும் பின்வரிசைக்குக் கேட்கும்படி என்றார். எனக்கு அது புதிதல்ல. எங்கள் அப்பப்பா கதை சொன்னால் ராசாவின் முறைக்கு ராசாவாகவும், ராட்சசியின் முறைக்கு ராட்சசியாகவும் பேசுவார். ஆனால் அரும்பு மீசையோடு நான் எழும்பி, "எனக்குத் தொழில் இல்லை, நான் நான்கு பிள்ளைகளின் தாய்," என்றதும் மண்டபம் சிரித்தது. ஒடீலின் மாமியார், எண்பது வயது மதாம் ஜெர்மேன், சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்தார்.

"தொழில் இல்லையோ? அப்ப விடியக்காலமை எங்கட மாடுகளைக் கறக்கிறது ஆர், வானத்துச் சம்மனசோ?"

திரைக்குப் பின்னால்

அடுத்த வருடம் பள்ளி மாணவர்களுக்கு முன்னால் ஜெர்மேனை உட்கார்த்தி, முதன்முதலில் வாக்களித்த நாளைப் பற்றிக் கேட்டார்கள். பிரான்சில் பெண்களுக்கு அந்த உரிமை உலகப்போர் முடிகிற நேரத்தில்தான் கிடைத்தது என்பது எனக்கே அன்றுதான் தெரியும். அவர் மெதுவாகச் சொன்னார், நான் அதைவிட மெதுவாகச் சொன்னேன். "சத்தமாய்!" என்று பின்னாலிருந்து கத்தினார்கள்.

"ஆருக்குப் போட வேணும் எண்டு என்ர மனிசன் வழி முழுக்கச் சொல்லிக்கொண்டு வந்தவர். நான் ஓம் ஓம் எண்டு வந்தன். வாக்குச்சாவடியில ஒரு திரை. அதுக்குப் பின்னால போனன். திரும்பிப் பாக்கிறன், அவர் இல்லை. மாமி இல்லை, கோயில் சுவாமியார் இல்லை, மாடு இல்லை. என்ர சீவியத்தில அதுக்கு முதல் நான் ஒரு இடத்தில தனிய நிண்டதே இல்லை. ஆருக்குப் போட்டன் எண்டு இண்டைக்கும் சொல்லமாட்டன்."

இதை 'நான்' என்று சொல்லிக்கொண்டிருந்தபோது யாரும் சிரிக்கவில்லை. முடிந்ததும் அவர் என்னிடம், "நீ வோட்டுப் போட்டிட்டியோ?" என்று கேட்டார். எனக்கு இந்த நாட்டில் இன்னும் வாக்கு இல்லை, குடியுரிமைக்குப் போட்ட விண்ணப்பம் அரசாங்கக் கந்தோரில் கிடக்கிறது என்றேன். அவ்வளவு நேரமும் அவராகவே பேசிய என் கன்னத்தைத் தட்டினார்.

"எனக்கும் பிந்தித்தான் வந்தது. பொறு, சின்னக் கிழவி."

இரண்டு மனிசிமார்

அன்றிரவு விருந்தில் ஹில்டவுக்கும் ஜெர்மேனுக்கும் நடுவில் எனக்கு இடம். யார் கூடக் கஷ்டப்பட்டது என்று இருவருக்கும் போட்டி. கலியாணம் முடித்து எத்தனையோ வருடம் தன் புருசனின் சம்மதம் இல்லாமல் வங்கியில் கணக்குத் திறக்க முடியாதிருந்ததை ஜெர்மேன் சொன்னார். வீட்டுக் கடமைக்கு இடைஞ்சல் இல்லையென்றால் மட்டுமே மனைவி வேலைக்குப் போகலாம் என்று இங்கேயும் சட்டம் இருந்ததை ஹில்ட சொன்னார். இடப்பக்கம் திரும்பி, "என் புருசன் கையெழுத்துப் போட மறுத்துவிட்டார்," என்பேன். வலப்பக்கம் திரும்பி, "என் புருசன் அடுப்பில் சூப்பைக் காட்டினார்," என்பேன். கலியாணமே ஆகாதவன், இரண்டு புருசன்மாரோடு ஒரே மேசையில் மல்லுக்கட்டினேன். கதை வளர வளர இருவரும் பல்லைக் காட்டிச் சிரித்தார்கள். இத்தனையையும் தாங்கிவிட்டு எப்படிச் சிரிக்க முடிகிறது என்று வாய்பிளந்து பார்த்தபடி இருந்தேன். கடைசியில் ஹில்டதான் என் தட்டைப் பார்த்துவிட்டு என்னிடம் சொன்னார்.

"அட, ரெண்டு மனிசிமாரும் முதல்ல சாப்பிடுங்கோ, ஆறிப்போச்சு!"

இதை மொழிபெயர்க்க வேண்டாம்

2005. பிரியாவிடை விருந்து. பிரெஞ்சு மேயர் கோப்பையை உயர்த்தி, நட்பின் நினைவாகத் தங்கள் சதுக்கத்தில் ஒரு நீரூற்றுக் கட்டப்போவதாக அறிவித்தார். கைதட்டல் அடங்குமுன் மேசையின் கடைசியில் ஒரு நாற்காலி பின்னால் போனது. ஒடீல் எழுந்து நின்றார்.

"எங்களுக்கு நீரூற்று வேண்டாம். எங்கட பிள்ளையள் பள்ளிக்கூடத்துக்கு மழைக்குள்ள நடந்து போகினம். பஸ்ஸுக்கு வழியில்லாத சபைக்கு, தண்ணி பாய்ச்ச மட்டும் எங்கால வழி வந்தது?"

அவர்கள் ஊரில் நேரம் முடிந்தது என்று சொல்லி அடக்கிவிடலாம். இங்கே எழுந்து நிற்பவர் எவரானாலும் மொழிபெயர்ப்பு உண்டு, அது ஹில்டவின் சட்டம். மேயர் என் காதருகே குனிந்தார். "இது எங்கட வீட்டுப் பிரச்சினை, தம்பி. இதை மொழிபெயர்க்க வேண்டாம்." ஒடீல் இன்னும் உட்காரவில்லை. அவர் மேயரைப் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். நான் பேசாவிட்டால் அவர் பேசாததாகவே ஆகிவிடும். எழுந்தேன். "எங்களுக்கு நீரூற்று வேண்டாம்," என்று ஜெர்மனில் தொடங்கினேன். அந்தச் சத்தம் எங்கிருந்து வந்ததோ தெரியாது, சமையலறையில் நின்றவர்கள்கூட எட்டிப் பார்த்தார்கள். முதல்முறையாக ஒருவரும் "சத்தமாய்" என்று கத்தவில்லை. பிறகு ஹில்ட எழுந்தார்.

"நீரூற்று எங்களுக்கான மரியாதை எண்டால் எங்களையும் ஒரு சொல்லுக் கேளுங்கோ. எங்களுக்குப் பஸ் போதும். வாற வருசம் வரேக்க அதிலயே ஏறி வாறம்."

பின்னேர மேயர்

அடுத்த வருடம் நாங்கள் போனபோது அந்தப் பஸ் ஓடியது. சொன்னபடியே ஹில்ட, பிள்ளைகளோடு நெருக்கியடித்துக்கொண்டு ஏறினார். 2008 வசந்தத் தேர்தலில் ஒடீல் சொந்தமாக அணி அமைத்து வென்று, மேயராகவே எங்களிடம் வந்தார். அறிமுகச் சுற்றில் ஹில்ட வேண்டுமென்றே பழைய கேள்வியைக் கேட்டார். "பண்ணைக்காரி," என்றார் ஒடீல், "பின்னேரத்தில மேயர்." 'நான் பண்ணைக்காரி, மாலையில் மேயர்' என்று நான் எழும்பி ஜெர்மனில் சொன்னேன்.

ஜெர்மேன் வரவில்லை, இனிப் பயணம் செய்ய அவருக்கு ஏலாது. ஆனால் ஒரு கேள்வி அனுப்பியிருந்தார்: அந்தச் சின்னக் கிழவி வோட்டுப் போட்டிட்டுதோ? குடியுரிமை கிடைத்துப் போட்டுவிட்டேன் என்றேன். வாக்குச்சாவடித் தடுப்புக்குப் பின்னால் தனியே நின்றபோது அவரைத்தான் நினைத்தேன் என்றும் சொன்னேன். வழக்கம்போல அது எனக்கே கேட்கவில்லை. ஒடீல் தன் கைத்தொலைபேசியை என் வாய்க்குக் கிட்டே பிடித்தார்.

"மாமி லைன்ல நிக்கிறா. சத்தமாய்!"

எத்தனையோ கோடைகளில் எத்தனையோ பெண்களாக இருந்து கலியாணம் கட்டி, பிள்ளை பெற்று, புருசனை எதிர்த்து, பஸ் கேட்டு, மேயராகவும் ஆகிவிட்டேன், ஒரு நாளாவது சூடான சாப்பாடு மட்டும் சாப்பிட்டதில்லை.