நாற்காலியில் அமர்ந்து மாம்போ

ஃப்ரூமா கெஸ்லர் தேநீர் குடிக்கும் முன் கரண்டியால் கண்ணாடித் தம்ளரின் விளிம்பில் தட்டுவாள். மூன்று தட்டு, சின்ன மௌனம், இரண்டு தட்டு. பிறகுதான் சர்க்கரைக் கட்டியைப் பல்லிடுக்கில் வைத்துக்கொண்டு உறிஞ்சுவாள்.

நியூயார்க்கின் பிராங்க்ஸில் சட்டைக்குப் பொத்தான் துளை தைத்தவள். மாலைகளில் கியூபாக்காரர்களின் அரங்குகளில் மாம்போ நடனம் கற்றாள். 1953 கோடையில் தையல் வேலையை விட்டுவிட்டு, கேட்ஸ்கில் மலையில் யூதர்கள் கோடைக்கு வந்து தங்கும் லிப்கினின் விடுதிக்கு நடன ஆசிரியையாக வந்தாள். அங்கே நான் பியானோ வாசித்துக்கொண்டிருந்தேன்.

வந்ததிலிருந்து அவள் ஓர் அடிகூட ஆடவில்லை. நீச்சல் குளத்தருகே நாற்காலியில் உட்கார்ந்தே சொல்லிக்கொடுத்தாள். விருந்தாளிகள் முணுமுணுத்தார்கள். ஒரு வியாழக்கிழமை மதியம் லிப்கின் எல்லார் முன்னாலும் வந்து நின்றார்.

"எழுந்திரும்மா. என்கூட ஒரு ஆட்டம் ஆடிக் காட்டு. இல்லேன்னா மூணு மணி பஸ்ல கிளம்பு."

"அப்பா செத்து இன்னும் வருஷம் திரும்பல முதலாளி. ஆடக் கூடாது."

"சொல்லிக்குடுக்க மட்டும் கூடுமாக்கும்?"

"அது அம்மாவோட சாப்பாட்டுக்கு. எங்க மதகுரு ரப்பி சரின்னுட்டார். ஆடுறது என் சந்தோஷத்துக்கு. அதை நான் அவர்கிட்ட கேக்கவே இல்ல."

"நல்லாருக்கு! மொட்டைத்தலையன் சீப்பு விக்க வந்துட்டான்."

சிலர் சிரித்தார்கள். கொங்கா மேளத்தில் கை வைத்தபடி எவாரிஸ்டோ என்னைப் பார்த்தான். நான் பியானோ கட்டைகளைப் பார்த்தேன்.

ஃப்ரூமா எழவில்லை. முன்வரிசையில் நின்ற பருத்த ஹிண்டாவிடம் திரும்பினாள்.

"அத்தை, நீங்க மிஷின் மிதிச்சவங்கதானே?"

"முப்பது வருஷம். என் முட்டியைக் கேளு, கதை கதையாச் சொல்லும்."

"ஊசி இறங்குறப்ப கால் வைங்க. துணியைத் திருப்புறப்ப நில்லுங்க."

நாற்காலிக் கையில் தட்டினாள், தேநீர்த் தம்ளரில் தட்டும் அதே மூன்றும் இரண்டும். அந்தத் தாளத்தை எவாரிஸ்டோ பிடித்துக்கொண்டான்; நானும் சேர்ந்தேன். ஹிண்டா தடுமாறிப் புருஷன் மோட்கேமேல் மோதினாள். மறுபடியும் மோதினாள். லிப்கின் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். அடுத்த முறை அவளுடைய இடுப்பு தானாகத் திரும்பியது.

"மோட்கே, வாயைப் பொளந்துட்டு நிக்காதய்யா, வா!"

அங்கிருந்தவர்களில் பாதிப் பேர் தையல் வேலை செய்தவர்கள். சொன்னது கால்களுக்குப் புரிந்துவிட்டது. தளம் நிறைந்தது. வாசலில் பஸ் ஹாரன் அடித்தது. ஃப்ரூமாவின் முகம் வெளுத்தது, கை மட்டும் நிற்கவில்லை. லிப்கின் வாசலுக்குப் போனார். பஸ் அவள் இல்லாமல் கிளம்பியது.

அந்த பஸ்ஸிலிருந்து பளபளக்கும் காலணியோடு ஓர் ஒல்லி ஆள் இறங்கி, வாசலில் லிப்கினோடு பேசிவிட்டு அதிலேயே திரும்பிப் போனதைப் பார்த்தேன். இடம் கிடைக்காத விருந்தாளி என்று நினைத்தேன். அவள் இடத்துக்கு முந்தின நாளே நகரத்திலிருந்து அமர்த்தப்பட்ட நடன ஆசிரியன் அவன் என்பது, சீசன் முடிந்த பிறகுதான் எனக்குத் தெரிந்தது.